கல்வெட்டின் ஏழாவது வரைவு

சயந்தினி தன் வாழ்நாளில் ஒரு வரி மென்பொருள்கூட எழுதியதில்லை. ஆனால் லண்டனில், மோர்டனிலும் தோர்ண்டன் ஹீத்திலும் இருக்கிற அவளுடைய சொந்தக்காரர்களைக் கேட்டுப் பாருங்கள், சச்சிதானந்தத்தாரின் மகள் சொஃப்ட்வெயார் எஞ்சினியர் என்று அடித்துச் சொல்வார்கள். சிலர் எந்தக் கம்பனி என்றுகூடச் சொல்வார்கள். அந்தக் கம்பனியின் பெயரை அவர்களுக்கு யார் கொடுத்தார்கள் என்பது சயந்தினிக்கே தெரியாது.

அவள் செய்வது வேறு வேலை. யப்பானில் ஓடுகிற அனிமே என்னும் கார்ட்டூன் தொடர்களுக்குக் கதை வசனம் எழுதுகிறாள். யப்பானிய மொழியிலேயே எழுதுகிறாள். எழுதுவது மோர்டனில், பாதி இடத்தைக் கணவனின் பொயிலர் சாமான்கள் பிடித்துக்கொண்ட ஒரு சின்ன அறைக்குள். வாள் சுழற்றும் பள்ளிக்கூடப் பிள்ளைகள், பேசுகிற நரி, விண்வெளியில் நூடில்ஸ் கடை வைத்திருக்கிற கிழவி என்று இதுவரை எண்பத்தாறு அத்தியாயங்கள். எந்தெந்த நாட்டுப் பிள்ளைகளோ அவற்றைப் பார்த்து அழுகிறார்கள், சிரிக்கிறார்கள். மோர்டனில் நாலு பேருக்குத்தான் விஷயம் தெரியும். கணவன், மகள், அம்மா, அண்ணன். நாலு பேரும் வாயைத் திறக்கிற ஆட்களில்லை.

இந்த வருடம் மாசி மாதத்தில் சச்சிதானந்தன் காலமானார். எழுபத்தொன்பது வயது. நீரிழிவு ஆளைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தின்று முடித்திருந்தது. செத்தவீடு முடிந்த மூன்றாம் நாளே கல்வெட்டுப் பேச்சு எழுந்தது. கல்வெட்டு என்றால் கல்லில் வெட்டுவதல்ல. செத்தவரின் படம், தேவாரம், வாழ்க்கை வரலாறு, பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் புலம்புவதாகப் பாட்டு, நன்றி நவிலல் எல்லாம் சேர்த்து அச்சடித்து, முப்பத்தோராம் நாள் கிருத்தியத்துக்கு வருகிறவர்களின் கையில் கொடுக்கிற சின்னப் புத்தகம். யாழ்ப்பாணத்தார் கடல் கடந்தும் கைவிடாத வழக்கங்களில் அது ஒன்று. அதில் ஒரு மருமகனின் பெயர் விடுபட்டுப் போனால் இரண்டு தலைமுறைக்குப் பேச்சுவார்த்தை இருக்காது.

“வாழ்க்கை வரலாற்றை நீயே எழுது. நீதானே எழுதுற ஆள்,” என்றான் அண்ணன் றஜீவன். அவன் கணக்காளர். வீட்டில் யாருக்கு எது வரும் என்று பிரித்துக் கொடுப்பதில் கெட்டிக்காரன்.

அந்த வரலாற்றின் கடைசிப் பத்தியில் பிள்ளைகளின் பெயரும் தொழிலும் வரும். றஜீவன், பட்டயக் கணக்காளர். சயந்தினி, யார்? அந்த ஒரு இடத்தை நிரப்புவதுதான் அவளுக்குப் பெரும் பாடாகப் போயிற்று. எண்பத்தாறு அத்தியாயம் எழுதிய கைக்கு அந்த ஒரு வரி முப்பது நாள் எடுத்தது.

சச்சிதானந்தன் எண்பத்தேழில் யப்பானுக்குப் போனவர். மூன்று வருடம் கழித்து மனைவி வசந்தமலரையும் இரண்டு பிள்ளைகளையும் கூப்பிட்டார். சயந்தினிக்கு அப்போது பன்னிரண்டு வயது. நகோயாவுக்கு வெளியே, பழைய கார்களை உடைத்துப் பாகம் பாகமாகப் பிரிக்கிற ஒரு முற்றத்தில் அவருக்கு வேலை. எஞ்சினைக் கழற்றுவார், கழுவுவார், பெட்டியில் அடைப்பார். பெட்டிகள் கப்பலேறி எங்கேயோ போகும். ஊருக்கு எழுதுகிற கடிதத்தில் அது ‘கார் ஏற்றுமதி’ ஆயிற்று. கடிதத்தில் இருந்த சச்சிதானந்தன் கழுத்துப்பட்டி கட்டியிருந்தார். வீட்டுக்கு வருகிற சச்சிதானந்தனின் நகக்கண்ணில் ஒயில் இருந்தது. இரண்டு பேருக்கும் இடையில் அவர் பெரிய வித்தியாசம் பார்த்ததாகத் தெரியவில்லை.

இருபத்திரண்டு வயதில் சயந்தினிக்கு டோக்கியோவில் ஒரு அனிமேஷன் ஸ்டூடியோவில் வேலை கிடைத்தது. படம் வரைவதல்ல, எழுதுவதுமல்ல. வரைகிறவர்களின் வீடு வீடாகக் கார் ஓட்டிப் போய், முடிந்த தாள்களை வாங்கி வருகிற வேலை. ‘இன்னும் முடியவில்லை’ என்று கதவைச் சாத்துகிற கலைஞர்களின் வாசலில் நின்று கெஞ்சுகிற வேலை என்றும் சொல்லலாம். அவள் அதை அப்பாவிடம் சமையலறையில் வைத்துச் சொன்னாள்.  அந்த நேரம் பார்த்துக் கொழும்பிலிருந்து யாரோ உறவினர் தொலைபேசியில் வந்தார். “ஓம் ஓம், மகளுக்குக் கொம்பியூட்டர் வேலை கிடைச்சிருக்கு,” என்றார் அப்பா. சொல்லிக்கொண்டே மகளைப் பார்த்தார். மகள் தலையாட்டினாள். விஷயம் அத்தோடு முடிந்தது.

நாலு வருடம் கார் ஓட்டிய பிறகு ஒரு அத்தியாயத்தை எழுதக் கொடுத்தார்கள். எழுத வேண்டியவர் காய்ச்சலில் படுத்துவிட்டார், அவ்வளவுதான் காரணம். நன்றாக வந்தது. அடுத்ததும் கொடுத்தார்கள். திரையில் பெயர் போடுகிற நேரம் தயாரிப்பாளர், சயந்தினி என்பது நீளம், வாசிக்கிறவர்களுக்குச் சிரமம் என்றார். சயா என்று போட்டார்கள். கூடவே ஒரு யப்பானியக் குடும்பப் பெயரையும் யாரோ பார்த்து ஒட்டிவிட்டார்கள். அதற்கும் அவள் தலையாட்டினாள்.

அந்தத் தொழிலில் தலையாட்டத் தெரிந்தவர்தான் பிழைப்பார். எழுத்தாளர் வீட்டில் இருந்து தனக்குத் தோன்றியதை எழுதுவார், அவர்கள் படம் எடுப்பார்கள் என்று யாராவது நினைத்தால் அது பெரும் கற்பனை. எழுதியதை முதலில் கூட்டத்துக்குக் கொண்டுபோக வேண்டும். ‘புத்தகம் வாசித்தல்’ என்று அதற்குப் பெயர். இயக்குநர், தயாரிப்பாளர், மூலக்கதை வெளியிட்ட பதிப்பகத்தின் ஆசிரியர், தொலைக்காட்சிக்காரர், விளையாட்டுச் சாமான் கம்பனியிலிருந்து ஒருவர் என்று எட்டுப் பேர் சுற்றிவர இருந்து பக்கம் பக்கமாகப் புரட்டுவார்கள். நரி ஏன் இங்கே அழுகிறது என்பார் ஒருவர். நரி ஏன் இங்கே அழவில்லை என்பார் மற்றவர். சாமான் கம்பனிக்காரர் சிவப்பு வாள் முதல் பத்து நிமிடத்துக்குள் வந்தாக வேண்டும் என்பார். இவை எல்லாவற்றையும் குறித்துக்கொண்டு போய் இரண்டாம் வரைவு, மூன்றாம் வரைவு, சில நேரம் ஏழாம் வரைவு. கடைசியில் மூலக்கதை எழுதியவருக்குப் போகும். அவர் வேண்டாம் என்றால் வேண்டாம். அதற்கு மேல் பேச்சில்லை.

சயந்தினி ஒருபோதும் எதிர்த்துப் பேசியதில்லை. எட்டுப் பேர் எட்டுத் திசையில் இழுத்தாலும் எல்லோருடைய சொல்லும் எங்கேயாவது ஒரு மூலையில் இருக்கும்படி எழுதிக் கொண்டு வந்துவிடுவாள். அவளுக்கு வேலை வந்ததே அதனால்தான். சயா பிரச்சினை இல்லாத ஆள் என்று பெயர். அந்தப் பெயரைக் காப்பாற்றுவதில் அவள் களைத்துப் போனாள் என்பதை ஒருவரும் கண்டுபிடிக்கவில்லை, அவளும் வெகுநாள் கண்டுபிடிக்கவில்லை.

இதற்கிடையில் றஜீவன் லண்டனுக்குப் படிக்க வந்து தங்கிவிட்டான். அப்பாவும் அம்மாவும் அவனோடு வந்து சேர்ந்தார்கள். இரண்டாயிரத்து எட்டில் சயந்தினிக்குக் கலியாணம் பேசினார்கள். மாப்பிள்ளை யோகராஜா. ஜேர்மனியில் பதினைந்து வருடம் இருந்துவிட்டு லண்டனுக்கு மாறியவர், வீடுகளுக்கு வெந்நீர்ப் பொயிலர் பூட்டுகிற, திருத்துகிற தொழில். பெண் சொஃப்ட்வெயார் எஞ்சினியர் என்று சொல்லித்தான் பேச்சு நடந்தது. கலியாணம் முடிந்து மூன்றாம் நாள், யோகராஜா தன் மடிக்கணினியைத் தூக்கிக்கொண்டு வந்து, பில் போடுகிற புரோகிராம் நின்றுவிட்டது, ஒருக்கால் பாருங்கோ என்று வைத்தார். சயந்தினி அதைத் திறந்து பார்த்தாள், மூடினாள், உள்ளதைச் சொன்னாள்.

யோகராஜா மடிக்கணினியைத் திரும்பக் கையில் எடுத்தார். “அப்ப இதை ஆரிட்டைக் குடுக்கிறது?” என்றார். அவருக்கு அன்றைக்கு அதுதான் கவலை. பிறகும் அவர் இதை ஒரு பெரிய விஷயமாக்கவில்லை. தன் தாயிடம்கூடச் சொல்லவில்லை. மாமனார் ஒரு பொய் சொன்னார் என்று வீட்டில் ஒரு கதை எழும்ப வேண்டாம் என்று விட்டுவிட்டார்.

லண்டனுக்கு வந்ததோடு எழுத்து நின்றது. கூட்டத்துக்கு நேரே வந்து மேசையில் இருக்காத எழுத்தாளரை அந்தக் காலத்தில் ஒருவரும் வைத்துக்கொள்ள மாட்டார்கள். பன்னிரண்டு வருடம். மகள் கம்சிகா பிறந்தாள். சயந்தினி பள்ளிக்கூடத்தில் மத்தியானச் சாப்பாட்டு மேற்பார்வைக்குப் போனாள், பிறகு ஒரு மருந்துக்கடையின் கவுண்டரில் ஷிப்ட் வேலை. சொந்தக்காரர் யாராவது மருந்து வாங்க வந்தால், கொம்பியூட்டர் வேலை என்னாச்சு என்று கேட்க மாட்டார்கள். பிள்ளைக்காக லீவு போட்டிருக்கிறாள் என்று அப்பா ஏற்கெனவே சொல்லி வைத்திருப்பார். அப்பாவுக்கு எந்தக் காட்சிக்கும் விளக்கம் இருந்தது. எழுத்தாளராக வந்திருக்க வேண்டியவர் அவர்தான் என்று சயந்தினி எரிச்சலோடு நினைத்ததுண்டு.

கொரோனா வந்த வருடம் ஒகுராவிடமிருந்து அழைப்பு வந்தது. ஒகுரா அந்தக் காலத்தில் அவளோடு சேர்ந்து வீடு வீடாகக் கார் ஓட்டியவர், இப்போது இயக்குநர். கூட்டங்கள் எல்லாம் இப்போது திரையில்தான், உங்களால் முடியுமா என்று கேட்டார். முடியும் என்றாள். டோக்கியோவில் பின்னேரம் மூன்று மணி என்றால் மோர்டனில் காலை ஆறு மணி. குளிருக்குக் கம்பளிச் சட்டைக்கு மேல் ஒரு மேற்சட்டை போட்டுக்கொண்டு, பின்னால் இருக்கிற குழாய் மூட்டுகள் தெரியாமல் ஒரு துணியைத் தொங்கவிட்டு, எட்டுப் பேருக்கும் குனிந்து வணக்கம் சொல்லிவிட்டுத் தொடங்குவாள். கூட்டம் முடிய எட்டரை ஆகும். பிறகு மருந்துக்கடை. இப்படி ஐந்து வருடம்.

போன வருடம்தான் முதன்முறையாக ஒரு தொடருக்கு அவளைத் தலைமை எழுத்தாளராகப் போட்டார்கள். பன்னிரண்டு அத்தியாயத்தின் ஓட்டத்தையும் தீர்மானிக்கிற பொறுப்பு. கடைசி அத்தியாயத்தைத் தலைமை எழுத்தாளரே எழுதுவது வழக்கம். நாற்பத்தேழு வயதில் அது கிடைத்தது. அப்பா அப்போது ஆஸ்பத்திரிக்கும் வீட்டுக்கும் போய் வந்துகொண்டிருந்தார். ஒரு நாள் அவர் கட்டிலுக்குப் பக்கத்தில் இருந்தபோது தலைமை எழுத்தாளர் ஆனதைச் சொல்ல வாயெடுத்தாள். ஆனால் நர்ஸ் வந்தாள், ஊசி போட்டாள், பேச்சு வேறு பக்கம் போய்விட்டது.

அவர் போன பிறகு இரண்டு எழுத்து வேலை ஒன்றாகச் சேர்ந்தது. காலையில் டோக்கியோவுக்குக் கடைசி அத்தியாயத்தின் திருத்தம், பின்னேரம் அப்பாவின் வாழ்க்கை வரலாறு. றஜீவன் வட்ஸ்அப்பில் ‘அப்பா கல்வெட்டு’ என்று ஒரு குழு தொடங்கியிருந்தான். அதில் அவன், அவன் மனைவி மாலினி, தோர்ண்டன் ஹீத்திலிருந்து அப்பாவின் தம்பி நித்தியானந்தன், பிறகு சயந்தினி. மற்ற மூன்று பேரும் டோக்கியோவின் எட்டுப் பேரைத் தூக்கிச் சாப்பிட்டுவிட்டார்கள்.

முதல் வரைவில் சயந்தினி உள்ளதை எழுதினாள். அப்பா காலையில் ஐந்தரைக்குச் சைக்கிளில் முற்றத்துக்குப் போனது, பனி கொட்டுகிற நாளில் விரல் விறைத்து ஸ்பானர் பிடிக்க ஏலாமல் கையை வாய்க்குள் வைத்துச் சூடாக்கியது, அந்தக் கையால் குடும்பத்தையே சாப்பிட வைத்தது.  இத்தனை வருடத்தில் தான் எழுதியதில் இதுதான் நல்லது என்று அவளுக்குத் தோன்றியது.

சித்தப்பா நித்தியானந்தன் குரல் பதிவு அனுப்பினார். “பிள்ளை, நல்லாய்த்தான் எழுதியிருக்கிறாய். ஆனா உந்த ஸ்பானர் கதையெல்லாம் என்னத்துக்கு? அண்ணை ஒரு மரியாதையான மனுசன். வாகன ஏற்றுமதி வர்த்தகர் எண்டு போட்டு விடு. மற்றது, என்ரை பேர் ஒரு இடத்திலைதான் வருது.”

இரண்டாம் வரைவில் ஸ்பானர் போயிற்று. மூன்றாம் வரைவில் சித்தப்பாவின் பெயர் மூன்று இடத்தில் வந்தது. நாலாவதில் மாலினியின் தகப்பன் ‘சமாதான நீதவான்’ ஆனார். ஐந்தாவதில் அப்பா படித்த பள்ளிக்கூடத்தின் பெயர் சேர்ந்தது, அவர் அங்கே எட்டாம் வகுப்போடு நின்றது சேரவில்லை. ஒவ்வொரு முறையும் சயந்தினி ‘ஓம், மாத்திறன்’ என்று எழுதி அனுப்பினாள். தன் கையே தன்னைக் கேட்காமல் மாற்றிக்கொண்டிருந்தது. ஒரு வரியை மட்டும் அவள் தொடாமல் வைத்திருந்தாள். ‘மகள் சயந்தினி, யப்பானிய அனிமே தொடர்களுக்குக் கதை வசனம் எழுதுபவர்.’ ஐந்து வரைவிலும் அது அப்படியே போனது. மாலினியும் சித்தப்பாவும் அவரவர் சம்பந்தப்பட்ட இடத்தைத்தான் பார்த்தார்கள் போலும், ஒருவரும் ஒன்றும் சொல்லவில்லை. தப்பிவிட்டது என்று நினைத்தாள்.

ஆறாவது வரைவுக்குப் பிறகு றஜீவன் நேரே அழைத்தான். குழுவில் பேச முடியாததைப் பேசத்தான் அவன் அழைப்பான்.

“எல்லாம் சரி. கடைசிப் பந்தியிலை உன்ரை தொழிலை மாத்த வேணும்.”

“ஏன் அண்ணை? அதுதானே உண்மை.”

“உண்மைதான். ஆர் இல்லையெண்டது? ஆனா அப்பா இருபத்தஞ்சு வரியமாய் எல்லாருக்கும் சொஃப்ட்வெயார் எண்டு சொல்லியிருக்கிறார். யோகராஜா அத்தானின்ரை ஆக்களுக்கும் அப்பிடித்தான் சொன்னவர். நூற்றைம்பது பேர் வரப்போகினம். அவரின்ரை கல்வெட்டிலையே அவரைப் பொய்யன் ஆக்கப்போறியே?”

சயந்தினி மடிக்கணினியில் அந்த வரியைத் தேடி எடுத்தாள்.

“அப்பா இருந்தால் இப்பிடித்தான் போடச் சொல்லியிருப்பார்,” என்றான் றஜீவன்.

இந்த வார்த்தை அவளுக்குப் பழக்கமானது. மூலக்கதை எழுதியவர் இப்படித்தான் விரும்புவார் என்று பதிப்பக ஆசிரியர் சொன்னால் மேசையில் எட்டுப் பேரும் வாயை மூடுவார்கள். அந்தப் பழக்கம் எலும்பு வரைக்கும் இறங்கியிருந்தது. அண்ணன் கெட்ட மனிதனில்லை, தகப்பனைக் காப்பாற்றப் பார்க்கிறான். அவளுக்குக் கோபம்கூட ஒழுங்காக வரவில்லை, அலுப்புத்தான் வந்தது.

“ஓம், மாத்திறன்,” என்றாள்.

ஏழாவது வரைவில் ‘மகள் சயந்தினி, மென்பொருள் பொறியியலாளர்’ என்று தன் கையாலேயே அடித்தாள். அன்றைக்கே அது அச்சகத்துக்குப் போனது. முந்நூறு பிரதி.

இருபத்தொன்பதாம் நாள் காலை ஆறு மணிக்கு டோக்கியோக் கூட்டம். வழக்கத்துக்கு மாறாக இரண்டே பேர் திரையில் இருந்தார்கள், ஒகுராவும் தயாரிப்பாளர் நிஷியாமாவும். நிஷியாமா முதலில் அவளுடைய துக்கத்துக்கு நீளமாக அனுதாபம் சொன்னார். பிறகு, பெயரோடு மரியாதைக்குச் ‘சான்’ சேர்த்து, இப்படியான நேரத்தில் சயா-சானுக்குப் பாரம் கொடுப்பது தங்களுக்கு மனவருத்தமாக இருக்கிறது என்றார். ஆகவே கடைசி அத்தியாயத்தை இன்னொருவரிடம் கொடுக்க யோசித்திருக்கிறார்கள். தலைமை எழுத்தாளர் என்ற பெயர் அப்படியே இருக்கும். அதில் ஒரு மாற்றமும் இல்லை. அவர் பேசிய மரியாதை கல்லையும் கரைக்கும். அந்த மரியாதைக்குள் என்ன இருக்கிறது என்று தெரிகிற அளவுக்கு அவள் அந்த நாட்டில் வாழ்ந்திருந்தாள்.

“புரிகிறது. மிக்க நன்றி,” என்று குனிந்தாள்.

கூட்டம் முடிந்து அரை மணித்தியாலம் கழித்து ஒகுராவைத் தனியாக அழைத்தாள். இத்தனை வருடத் தொழில் வாழ்க்கையில் ஒரு முடிவுக்குக் காரணம் கேட்டது அதுதான் முதல் தடவை.

“காரணம் அப்பாவின் மரணம் இல்லைத்தானே?” என்று கேட்டாள்.

ஒகுரா தலையைச் சொறிந்தார். வாசலில் நின்று தாள் கேட்டு அலைந்த காலத்தில் வந்த, உள்ளதைச் சொல்கிற பழக்கம் அவருக்கு அவளோடு மட்டும் இன்னும் மிச்சமிருந்தது.

“இல்லை,” என்றார். “ஆறு வரைவு எழுதிவிட்டீர்கள். நாங்கள் எல்லோரும் சொன்னது எல்லாம் அதில் இருக்கிறது. ஒன்றுகூட விடுபடவில்லை. வாசித்து முடித்தபோது எங்கள் எட்டுப் பேரின் குரல்தான் கேட்டது. கடைசி அத்தியாயம் அப்படி இருக்க முடியாது. புதிதாக வந்த பெடியன் ஒருவன் இருக்கிறான். கூட்டத்தில் எல்லோரோடும் சண்டை பிடிக்கிறான். அவனை எனக்குப் பிடிக்கவில்லை. ஆனால் அவனுக்கு என்ன வேண்டும் என்று தெரிகிறது. உங்களுக்கு என்ன வேண்டும் என்று எனக்கு இருபத்தைந்து வருடமாகத் தெரியாது, சயா-சான். நீங்கள் சொன்னதில்லை.”

சயந்தினி மடிக்கணினியை மூடிவிட்டு இருந்தாள். கீழே யோகராஜா வானில் சாமான் ஏற்றுகிற சத்தம் கேட்டது. மேலே வந்து எட்டிப் பார்த்தவர், அவள் முகத்தைப் பார்த்துவிட்டு, “என்ன, இண்டைக்கும் நரியைத் திருத்தச் சொன்னவங்களோ?” என்றார்.

“இல்லை. நரியை வேற ஆளிட்டைக் குடுத்திட்டாங்கள்.”

அவர் கீழே போய்த் தேத்தண்ணி போட்டுக் கொண்டுவந்து வைத்தார். சீனி இரண்டு மடங்கு போட்டிருந்தார். அன்றைக்கு அவள் மருந்துக்கடைக்குப் போகவில்லை. தலைமை எழுத்தாளர் என்று திரையில் ஒட்டுப் பெயர் வரும், கடைசி அத்தியாயம் வேறு ஒருவருடையதாக இருக்கும், அப்பாவின் கல்வெட்டில் அவள் பெயர் வரும், தொழில் வேறு ஒருத்தியுடையதாக இருக்கும். இரண்டையும் சேர்த்துப் பார்த்தால் தான் எங்கேயும் இல்லை என்று அவளுக்குப் பட்டது. பட்டபோது அழுகை வரும் என்று எதிர்பார்த்தாள். அதற்கும் தெம்பிருக்கவில்லை.

முப்பத்தோராம் நாள் ஞாயிற்றுக்கிழமையில் வந்தது. மோர்டனில் ஒரு மண்டபம் எடுத்திருந்தார்கள். ஐயர் கிருத்தியத்தை முடித்து எழும்பப் பன்னிரண்டரை ஆயிற்று. வந்தவர்களின் கையில் கல்வெட்டுப் போய்விட்டது. அட்டையில் கோட்டும் கழுத்துப்பட்டியும் போட்ட சச்சிதானந்தன். கோட்டு றஜீவனுடைய கலியாணத்துக்குத் தைத்தது, அது மட்டும் உண்மை.

றஜீவன் மைக்கைப் பிடித்து, அப்பாவின் வாழ்க்கை வரலாற்றைத் தங்கச்சி வாசிப்பா என்று அறிவித்தான். கல்வெட்டை எல்லோர் முன்னிலையிலும் வாசித்துவிட்டுத்தான் சாப்பாடு. சயந்தினி எழும்பிப் போனாள். முன் வரிசையில் அம்மா வசந்தமலர் வெள்ளைச் சேலையில் இருந்தாள். சித்தப்பா மூக்குக்கண்ணாடியை ஏற்றிக்கொண்டு பக்கத்தைப் புரட்டித் தன் பெயரைத் தேடிக்கொண்டிருந்தார். பின்னால் சோற்றுச் சட்டிகளின் மூடியைத் திறந்துவிட்டார்கள் போலும், கத்தரிக்காய்க் குழம்பின் வாசம் மண்டபம் முழுக்க வந்தது.

வாசிக்கத் தொடங்கினாள். பிறந்த ஊர், படித்த பள்ளிக்கூடம், கடல் கடந்தது. ‘யப்பான் நாட்டில் வாகன ஏற்றுமதி வர்த்தகராகப் பணியாற்றி’ என்ற இடம் வந்தது. அங்கே ஒரு நொடி நின்றாள். விரலை வாய்க்குள் வைத்துச் சூடாக்கிய மனிதனை இந்த மண்டபத்துக்கு இப்போது கூட்டிவந்து காட்ட அவளுக்கு ஆசையாகத்தான் இருந்தது. ஆனால் அந்தக் கழுத்துப்பட்டி அவர் ஆசைப்பட்டுக் கட்டியது. அது அவருடைய பொய், அவருக்கு வேண்டியிருந்தது, அவரோடு போகட்டும். அச்சில் இருந்தபடியே வாசித்தாள்.

கடைசிப் பத்தி வந்தது. ‘மகன் றஜீவன், பட்டயக் கணக்காளர்.’ அடுத்த வரியைக் கண்கள் பார்த்தன. அது அவருடைய பொய்யா, தன்னுடையதா என்று அவளுக்கு அந்த இடத்தில் தெளிவாகத் தெரிந்தது. இருபத்தைந்து வருடம் அவரோடு சேர்ந்து அதைச் சொன்னது அவள்தான், ஒரு சொல்லும் பேசாமலே. விரலால் அந்த வரியை மறைத்தாள். எட்டுப் பேர் மேசைக்கு முன்னால் ஒருபோதும் அப்படிச் செய்ததில்லை.

“மகள் சயந்தினி,” என்று வாசித்தாள். “யப்பானிய அனிமே தொடர்களுக்குக் கதை வசனம் எழுதுபவர்.”

 வாசித்துவிட்டு நிமிர்ந்து பார்த்தாள். றஜீவனின் முகம் இறுகியது. சோற்றுச் சட்டிக்குப் பக்கத்தில் அகப்பையோடு நின்ற யோகராஜா திரும்பிப் பார்த்தார், பார்த்தபடியே நின்றார். கம்சிகா தொலைபேசியிலிருந்து தலையை எடுத்தாள். அவ்வளவுதான். மிச்சம் நூற்றைம்பது பேரும் இருந்தபடியே இருந்தார்கள். யாரோ ஒருவர் கொட்டாவி விட்டார். ஒரு குழந்தை சிணுங்கியது. சித்தப்பா மூன்றாவது இடத்தில் தன் பெயரைக் கண்டுபிடித்து விரலை வைத்துக்கொண்டிருந்தார். வானம் இடிந்து விழவில்லை. சச்சிதானந்தன் பொய்யன் என்று ஒருவரும் எழும்பிச் சொல்லவில்லை. மிச்சத்தையும் வாசித்து முடித்தாள், எல்லோரும் சாப்பிட எழும்பினார்கள்.

இவ்வளவு சின்னதா என்று அவளுக்குச் சிரிப்பு வந்தது. இந்த ஒரு வரிக்காகவா இத்தனை வருடம் களைத்தேன் என்று தன்மேலேயே ஆத்திரம் வந்தது.

றஜீவன் அவளைக் கடந்து போகிறபோது, “பிறகு கதைப்பம்,” என்று மட்டும் சொன்னான். அவள் தலையாட்டவில்லை.

அம்மாவுக்கு ஒரு தட்டில் சோறும் கறியும் போட்டு எடுத்துக்கொண்டு போனாள். வசந்தமலர் தட்டை வாங்கி மடியில் வைத்தாள். பக்கத்தில் ஆள் இல்லை என்று பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள்.

“ஓரிடத்திலை பிழையாய் வாசிச்சிட்டாய், பிள்ளை. பரவாயில்லை, ஒருத்தரும் கவனிக்கேல்லை.”

ஆறுதல் சொல்கிற குரல் அது. வழக்கமான சயந்தினி என்றால், ஓம் அம்மா, கண் தவறிப் போச்சு என்று சொல்லியிருப்பாள்.

“பிழை இல்லை, அம்மா. சரியாய்த்தான் வாசிச்சனான். அதுதான் என்ரை வேலை.”

வசந்தமலர் சோற்றைப் பிசைந்தாள். ஒரு வாய் சாப்பிட்டாள். பிறகுதான் பேசினாள்.

“எனக்குத் தெரியாதே? அவருக்கும் தெரியும்தானே.” தட்டிலிருந்து கையை எடுத்தாள். “இண்டைக்கு இவ்வளவு சனத்துக்கு முன்னாலை சொன்னனீ. அவருக்கு முன்னாலை ஒரு நாள் நான் எழுதுறன் எண்டு சொல்லியிருக்கலாமே, பிள்ளை. அவர் என்ன சொல்லியிருப்பார் எண்டு இனி ஆரைக் கேக்கிறது?”

அவர் ஒருநாளும் கேட்கவில்லையே என்று சொல்ல சயந்தினி வாயைத் திறந்தாள். அது உண்மை. அவள் ஒருநாளும் சொல்லவில்லை என்பதும் உண்மை. இரண்டையும் வைத்துக்கொண்டு ஒரு வசனம் எழுத அவளுக்குத் தெரியவில்லை. அதைத் திருத்தச் சொல்ல வேண்டிய ஆளும் இப்போது இல்லை.

அவள் அம்மாவின் கதிரைக்குப் பக்கத்தில் நின்றபடியே அழத் தொடங்கினாள். முப்பத்தொரு நாளில் அதுதான் முதல் அழுகை. சாப்பாட்டு வரிசையில் நின்றவர்கள், பாவம், தகப்பனை நினைத்து அழுகிறாள் என்று ஒருவருக்கொருவர் சொன்னார்கள். அவர்கள் சொன்னதில் பிழையில்லை.